சிவத்தம்பியின் நாடக நூலும் எங்கள் தெருக் கூத்தும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் ஈழத்துத் தமிழறிஞர் பேராசிரியர் கார்த்திகேசு சிவத்தம்பியின் நூல்களைக் குறித்து வெளிவந்த கட்டுரையை இரண்டு முறை வாசித்தேன். அவரை மறவாமல் ஒரு முழுப் பக்கம் ஒதுக்கியதற்கு முதற்கண் என் நன்றி. எனினும் அக்கட்டுரையில் இரண்டு இடங்கள் என்னை இக்கடிதம் எழுத வைத்தன. கிரேக்கருக்குக் கிடைத்திருப்பதைப் போலப் பழந்தமிழருக்கு நாடகப் பிரதிகள் எவையும் கிடைக்காததால், சிவத்தம்பியின் நாடக ஆய்வு இல்லாத ஒன்றைப் பற்றிய ஆய்வாகவே நின்றுவிட்டது என்று கட்டுரையாளர் கருதுகிறார். அடுத்து, சென்னையின் நாடக வாழ்வைத் தொட்டுப் பேசும்போது மயிலாப்பூர், தியாகராய நகர் சபாக்களோடு நின்றுகொள்கிறார். வடசென்னை என்ற சொல்லே கட்டுரையில் இல்லை. இவை இரண்டும் தனித்தனிப் பிழைகள் அல்ல, ஒரே பிழையின் இரு பக்கங்கள் என்பது என் எண்ணம். கடிதம் சற்று நீளும். பொறுத்தருள வேண்டுகிறேன்.

நான் பழைய வண்ணாரப்பேட்டையில் பிறந்து வளர்ந்தவள். இங்குள்ள மேல்நிலைப் பள்ளி ஒன்றில் தமிழாசிரியையாக இருந்து 2016-இல் ஓய்வு பெற்றேன். பண்டைத் தமிழ்ச் சமூகத்தில் நாடகம் பற்றிய சிவத்தம்பியின் ஆங்கில நூலை 1984-ஆம் ஆண்டு மூர் மார்க்கெட் பழைய புத்தகக் கடையொன்றில் வாங்கினேன். மறு ஆண்டு அந்த மார்க்கெட்டே தீக்கிரையாயிற்று. எனக்கு அப்போது ஆங்கிலம் அவ்வளவு போதாது. அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு நாளொன்றுக்கு இரண்டு பக்கம், மூன்று பக்கம் என்று ஒரு வருடத்துக்கு மேல் படித்தேன். பின்னாளில் அது தமிழிலும் வந்துவிட்டது. ஆனாலும் ஓரமெல்லாம் பென்சிலால் பொருள் எழுதிய அந்தப் பழைய பிரதிதான் இன்றும் என் கைக்கு இணக்கமாக இருக்கிறது.

அந்நூல் எங்கிருந்து புறப்பட்டது என்பதை முதலில் சொல்ல வேண்டும். சிவத்தம்பி 1932-இல் யாழ்ப்பாணத்துக் கரவெட்டியில் பிறந்தவர். இங்கிலாந்தின் பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தில் ஜார்ஜ் தாம்சனிடம் ஆய்வு செய்து 1970-இல் முனைவர் பட்டம் பெற்றவர். அவருடைய நண்பர் கைலாசபதி தமிழ் வீரயுகக் கவிதையை ஆராய்ந்ததும் அதே ஆசிரியரிடம்தான். தாம்சன் கிரேக்க மொழி அறிஞர். கிரேக்கத் துன்பியல் நாடகம் தனிப்பட்ட மேதைகளின் கற்பனையில் மட்டும் உதித்ததன்று. குலச் சடங்குகளிலிருந்தும், குலச் சமூகம் உடைந்து வேறொன்றாக மாறிய வரலாற்றிலிருந்தும் எழுந்தது என்று 1941-இல் வெளிவந்த தம் நூலில் வாதிட்டவர். அந்தக் கேள்வியைத் தமிழுக்குக் கொண்டுவந்தவர் சிவத்தம்பி. ஆனால் தாம்சனின் கையில் ஈஸ்கிலஸ் இருந்தார், சோஃபக்ளிஸ் இருந்தார், முழு நாடகங்கள் இருந்தன. சிவத்தம்பியின் கையில் இருந்தவையோ கூத்தர், பாணர், பொருநர், விறலியர், கோடியர், வயிரியர் என்று சங்கப் பாடல்கள் முழுக்கச் சிதறிக் கிடக்கும் பெயர்கள். வெறியாட்டு, குரவை, துணங்கை என்ற பழைய ஆட்டங்களைப் பற்றிய குறிப்புகள். மாதவியின் ஆடல் அரங்கேற்றத்தைச் சொல்லும் சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதை. உரையாசிரியர்கள் விட்டுச்சென்ற மேற்கோள்கள். ஆடியவர்கள் இத்தனை பேர் இருந்தும் ஆடிய நாடகம் ஒன்றுகூடக் கைக்கு வராத ஒரு சமூகத்தை எப்படி வாசிப்பது என்பதே அவர் முன்னிருந்த சிக்கல்.

கட்டுரையாளர் இதைக் குறையாகக் காண்கிறார். நான் இதை அந்நூலின் உயிராகக் காண்கிறேன்.

ஏதென்ஸில் பிரதிகள் எப்படிக் காக்கப்பட்டன என்பதைக் கொஞ்சம் நினைத்துப் பார்க்கலாம். கி.மு. நான்காம் நூற்றாண்டில் லைகர்கஸ் என்ற ஆட்சியாளர், மூன்று பெரும் நாடகாசிரியர்களின் நாடகங்களுக்கும் அரசு ஆவணக் காப்பகத்தில் செம்பிரதி வைக்க வேண்டும், நடிகர்கள் அதிலிருந்து விலகக் கூடாது என்று சட்டமே கொண்டுவந்தார். பிறகு எகிப்தை ஆண்ட தாலமி அரசர் ஒருவர், 15 தாலந்து வெள்ளியைப் பிணைத்தொகையாகக் கட்டி அப்பிரதிகளை வாங்கிப்போய், தொகை போனாலும் போகட்டும் என்று மூலங்களை அலெக்சாந்திரியாவிலேயே வைத்துக்கொண்டு நகல்களைத் திருப்பி அனுப்பினார் என்பார்கள். அவ்வளவு காவல் இருந்தும், நூற்றுக்கு மேற்பட்ட நாடகங்கள் எழுதிய சோஃபக்ளிஸிடமிருந்து இன்று நமக்கு முழுமையாகக் கிடைப்பவை ஏழு. பிரதி இருப்பதும் இல்லாததும் ஒரு சமூகத்துக்கு நாடகம் இருந்ததா என்பதைக் காட்டுவதில்லை. அந்தச் சமூகத்தின் அதிகாரம் எதைக் காக்கத்தக்கது என்று கருதியது என்பதையே அது காட்டுகிறது.

நம் பக்கத்தில் சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதிய அடியார்க்குநல்லார், முறுவல், சயந்தம், குணநூல், செயிற்றியம் என்ற நாடக நூல்களின் பெயர்களை வரிசையாகச் சொல்லி, அவற்றில் சில சூத்திரங்களைத் தவிர முதலும் நடுவும் இறுதியும் காணக் கிடைக்காமையால் ‘அவையும் இறந்தன போலும்’ என்கிறார். வகுப்பில் இந்த வரியைப் படிக்கும்போதெல்லாம் என் குரல் கம்மிவிடும். நூல்களைப் பற்றிப் பேசும் அந்த உரையாசிரியர், உற்றாரைப் பறிகொடுத்தவரைப் போல் ‘இறந்தன’ என்கிறார். ஆனால் அவர் இறந்ததாகச் சொல்வது நாடகத்துக்கு இலக்கணம் சொன்ன நூல்களை. ஆட்டம் இறந்ததாக அவர் சொல்லவில்லை. சொல்லவும் முடியாது, ஏனெனில் அது வேறோர் இடத்தில் வைக்கப்பட்டிருந்தது.

அந்த இடம் எது என்று எனக்கு விளங்கியது புத்தகத்தால் அல்ல. 1975-இல் என் தந்தை இறந்த பதினாறாம் நாள் இரவில்.

அப்பா வந்தவாசிப் பக்கத்துக் கிராமத்திலிருந்து பிழைப்புக்காக வந்து துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். கருமாதி இரவில் கர்ண மோட்சம் ஆடுவது அந்தப் பக்கத்து வழக்கம். ஊரிலிருந்து பெரியப்பா ஒரு கூத்து ஜமாவை அழைத்து வந்திருந்தார். எங்கள் தெருவின் இரு முனையையும் மாட்டு வண்டிகளை நிறுத்தி அடைத்தார்கள். ஒரு பெஞ்சில் ஆர்மோனியக்காரரும் மிருதங்கக்காரரும் உட்கார்ந்தார்கள். பக்கத்தில் முகவீணை, தாளம். இரவு பத்து மணிக்குக் களரி கட்டினார்கள். அந்த அடி கேட்டு அடுத்த நான்கு தெருக்களிலிருந்தும் பாயும் போர்வையுமாகச் சனம் வந்துவிட்டது. முதலில், கூத்தை அறிவித்து நடத்திச் செல்லும் கட்டியங்காரன் வந்தார். அவர் பின்னாலேயே இரண்டு பேர் ஒரு பழைய வேட்டியை ஆளுக்கொரு முனையாகப் பிடித்துக்கொண்டு வந்து நின்றார்கள். வேட்டிக்குக் கீழே சலங்கை கட்டிய கால்கள் மட்டும் தெரிந்தன; மேலே கிரீடத்தின் நுனி. வேட்டிக்குப் பின்னாலிருந்தே கர்ணன் தன்னை இன்னான் என்று பாடினான். தன் பிறப்பைப் பாடினான். நெடுநேரம் அவன் முகம் தெரியவில்லை. தெரு முழுவதும் அந்தத் துணியையே பார்த்துக்கொண்டிருந்தது. துணி விலகியபோது என் பக்கத்தில் இருந்த கிழவி கையெடுத்துக் கும்பிட்டாள்.

விடியும் நேரத்தில் கர்ணன் மனைவி பொன்னுருவியின் அழுகை வந்தது. பெண் வேடம் கட்டியிருந்தவர் ஐம்பது வயதைத் தாண்டிய ஆண். அவர் அழ ஆரம்பித்ததும், பதினாறு நாளும் ஒரு சொட்டுக் கண்ணீர் விடாமல் கல்லாய் இருந்த என் தாய் வாய்விட்டு அழுதார். தெருப் பெண்கள் அவரைப் பிடிக்கவில்லை, அழ விட்டார்கள். கட்டியங்காரன் அடுத்த வரியில் அப்பாவின் பெயரைச் சொல்லி, கப்பல் சரக்கைச் சுமந்த தோள் என்று பாடினார். அந்த வரி எந்தப் பிரதியிலும் இருந்திருக்க முடியாது. அன்றைக்கு, அந்தத் தெருவுக்காக, அந்தச் சாவுக்காக வந்த வரி அது. அதற்கு முன்னும் பின்னும் வந்தவையோ பல தலைமுறைகளாக வாய்வழி வந்த வரிகள். இரண்டும் எங்கே ஒட்டின என்று காதால் பிரித்தறிய முடியவில்லை.

ஒன்பது ஆண்டுகள் கழித்துச் சிவத்தம்பியின் நூலைப் படிக்கும்போது அரங்கேற்று காதையைப் பிரித்து வைத்துக்கொண்டேன். ‘எழுகோல் அகலத்து எண்கோல் நீளத்து ஒருகோல் உயரத்து’ என்று மாதவியின் அரங்குக்கு அளவு சொல்லும் இளங்கோவடிகள், அடுத்தாற்போல் ‘ஒருமுக எழினியும் பொருமுக எழினியும் கரந்துவரல் எழினியும்’ என்று மூவகைத் திரைகளைச் சொல்கிறார். கல்லூரியில் இதை மனப்பாடம் செய்து தேர்வில் எழுதி மதிப்பெண்ணும் வாங்கியிருக்கிறேன். எழினி என்றால் திரைச்சீலை என்பதற்கு மேல் அன்று எனக்கு ஒன்றும் புரிந்திருக்கவில்லை. சடங்கையும் ஆட்டத்தையும் சிவத்தம்பி அடுத்தடுத்து வைத்து விளக்குவதைப் படித்த பிறகுதான், இரண்டு பேர் பிடித்து நின்ற அந்த வேட்டியை நினைத்துப் பார்த்தேன். அந்த வேட்டிதான் மாதவியின் எழினியின் நேர்ப் பேரன் என்று நான் சொல்ல வரவில்லை. அவ்வளவு சுலபமாக ஆயிரத்தைந்நூறு ஆண்டுகளைத் தாண்டிவிட முடியாது என்பதையும் அவரிடமிருந்துதான் கற்றேன். அவர் பழமையைக் கொண்டாடும் எழுத்தாளர் அல்லர். ஒவ்வொரு காலத்திலும் யார் ஆடினார்கள், யாருக்காக ஆடினார்கள், ஆடியவருக்குச் சோறு போட்டது யார் என்று கேட்பவர். பாணனும் கூத்தனும் புரவலனைத் தேடி நடந்த காலம் வேறு. மாதவியின் ஆட்டம் மன்னன் அவையேறிய காலம் வேறு. துறைமுகத் தொழிலாளியின் பதினாறாம் நாளுக்கு ஜமா வந்திறங்கிய காலம் வேறு. எனினும் ஆளை மறைத்துக் குரலை முன்னே அனுப்பும் அந்த உத்தி ஓலையில் இல்லாமல் உடம்பில் தங்கியிருந்தது என்பதை என் கண்ணாலேயே கண்டிருக்கிறேன். சிவத்தம்பி இதை வெறும் ஏட்டறிவாகப் பேசியவரும் அல்லர். மேடையிலும் வானொலியிலும் நடித்தவர். 1960-களில் பேராசிரியர் வித்தியானந்தன் பேராதனையில் மட்டக்களப்புக் கூத்துகளைப் பல்கலைக்கழக மேடைக்குக் கொண்டுவந்தபோது உடன் நின்றவர்.

இனி, வடசென்னையைப் பற்றி.

தமிழ்த் திரைப்படத்தை அரசியல் தொடர்புக்கான ஊடகமாக ஆராயும் சிவத்தம்பியின் சிறு நூலும் நாடக நூல் வெளிவந்த அதே 1981-இல்தான் சென்னையில் வெளியாயிற்று. அதில் பலரும் எடுத்தாளும் ஒரு கருத்து உண்டு. தமிழர் அனைவரும் ஒரே கூரையின் கீழ் அமர்ந்த முதல் நிகழ்த்துகூடம் சினிமாக் கொட்டகைதான். அங்கே இருக்கையைத் தீர்மானித்தது சாதிப் படிநிலை அன்று, டிக்கெட் வாங்கும் வசதிதான் என்பது அது. தங்கள் கட்டுரையாளரும் இதை மேற்கோள் காட்டியிருக்கிறார். ஆனால் அந்தக் கூரை எங்கே இருந்தது என்று அவர் கேட்கவில்லை.

தமிழின் முதல் பேசும் படமான காளிதாஸ் 1931 அக்டோபர் 31 அன்று வெளியானது எங்கள் தங்கசாலைப் பகுதியிலிருந்த கினிமா சென்ட்ரல் கொட்டகையில். பிற்காலத்தில் அதுவே முருகன் டாக்கீஸ். படப்பெட்டி சென்ட்ரல் ரயில் நிலையத்தில் வந்திறங்கியபோது திரளான மக்கள் அதை வால்டாக்ஸ் சாலை வழியாக ஊர்வலமாகக் கொண்டுசென்றார்கள் என்றும், பூத்தூவி, தேங்காய் உடைத்து, சூடம் காட்டினார்கள் என்றும் திரை வரலாற்றாசிரியர்கள் எழுதியிருக்கிறார்கள். சாமி புறப்பாட்டுக்குச் செய்வதையெல்லாம் ஒரு தகரப் பெட்டிக்குச் செய்திருக்கிறார்கள். சடங்கிலிருந்து நாடகம் பிறந்தது என்ற ஆய்வைக் கையில் வைத்துக்கொண்டு இந்த ஊர்வலத்தை எண்ணிப் பாருங்கள். எந்திரத்தால் ஓடும் நாடகம் ஊருக்குள் வந்ததும் மக்கள் அதைத் திரும்பவும் சடங்குக்குள் கொண்டுபோய் வைத்திருக்கிறார்கள். இன்னொன்றும் உண்டு. சென்னை மாகாணத்தில் ஆலயப் பிரவேசத்துக்கான சட்டம் வந்தது 1939-இல், எல்லாக் கோயில்களுக்குமாக வந்தது 1947-இல். அதாவது, கோயில் கதவு திறக்காத ஒருவர் காசு கொடுத்தால் கொட்டகைக் கதவு திறந்தது. சிவத்தம்பியின் அந்த வாக்கியம் ஏன் இவ்வளவு கனமானது என்பது இந்த ஆண்டுகளை அருகருகே வைத்தால் விளங்கும்.

இங்கே அவரோடு எனக்குச் சிறு மாறுபாடும் உண்டு. அதை மரியாதையுடன் பதிவு செய்ய விரும்புகிறேன். சினிமாவுக்கு முன்பே டிக்கெட் விற்று நாடகம் நடத்திய கொட்டகைகள் இருந்தன. அதே வால்டாக்ஸ் சாலையில் இருந்த ஒற்றைவாடைக் கொட்டகையில் நாடகக் கம்பெனிகள் மாதக்கணக்கில் தங்கி ஆடின. சங்கரதாஸ் சுவாமிகளின் பாட்டுகளை ஆர்மோனியத்தோடு கேட்க அங்கே வந்தவர்களில் மூட்டை தூக்குபவரும் ரிக்‌ஷா இழுப்பவரும் இருந்தார்கள் என்று எங்கள் வீட்டுப் பெரியவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். ஆகவே ‘முதல்’ என்ற சொல்லை நாடகக் கொட்டகைக்கும் ஓரளவு பகிர்ந்து கொடுக்கலாம் என்று எனக்குத் தோன்றுகிறது. அதுபோல, ஒரே கூரை என்றாலும் தரை, பெஞ்சு, நாற்காலி என்ற பிரிவினை இருந்தது, பெண்களுக்குத் தனி இடம் இருந்தது. தரை டிக்கெட்டில் உட்கார்ந்தே அப்பா எத்தனையோ படங்கள் பார்த்தார். தண்டையார்பேட்டை நெடுஞ்சாலையில் 1967-இல் திறந்த அகஸ்தியா திரையரங்குக்கு எங்களை அழைத்துப்போனபோதுதான் முதன்முதலாக நாற்காலியில் உட்கார்ந்தார். அன்று வீடு திரும்பும் வழியெல்லாம் படத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை, அந்த நாற்காலியைப் பற்றியே பேசினார். அகஸ்தியா 2020-இல் மூடப்பட்டுவிட்டது.

நாடகம் என்றால் எழுதப்பட்ட பிரதி என்ற எண்ணம் நமக்கு எங்கிருந்து வந்தது என்பதற்கும் வடசென்னையிலேயே விடை இருக்கிறது. ஜார்ஜ் டவுன் ஆச்சாரப்பன் வீதியில் வளர்ந்த பம்மல் சம்பந்த முதலியார் 1891-இல் சுகுண விலாச சபையைத் தொடங்கினார். அவர் எழுதிய நாடக மேடை நினைவுகள் நம் நாடக வரலாற்றுக்குப் பெருஞ்செல்வம். அதில் எனக்கு ஐயமில்லை. சிறு வயதில் தமிழ் நாடகத்தின் மீது தமக்கு இருந்த வெறுப்பையும், பல்லாரியிலிருந்து வந்த தெலுங்கு நாடகக் குழுவைப் பார்த்த பிறகே மனம் மாறியதையும் அவர் ஒளிக்காமல் எழுதியிருக்கிறார். படித்தவர், உத்தியோகம் பார்த்தவர், பின்னாளில் நீதிபதியாகவும் இருந்தவர். தம் மேடையை நினைவுகூர அவரிடம் பேனா இருந்தது, அச்சிட அச்சகம் இருந்தது. அவர் வீதியிலிருந்து கூப்பிடு தூரத்தில் ஆடிய கூத்துக்காரர்களிடம் அவை இல்லை. அதனால் சென்னை நாடகத்தின் நினைவு என்பது எழுதத் தெரிந்தவர்களின் நினைவாக ஆகிப்போனது. பம்மலைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. அவர் எழுதாமல் விட்டிருந்தால் அதுவும் போயிருக்கும்.

தமிழில் இலக்கிய வரலாறு எழுதப்பட்ட முறையையே ஆராய்ந்து சிவத்தம்பி 1986-இல் ஆங்கிலத்தில் வெளியிட்டு, பிறகு தமிழிலும் தந்த நூல் இந்த இடத்தில்தான் நாடக நூலோடு கைகோக்கிறது. வரலாறு தானாக அமைவதில்லை. ஒரு காலத்தவர் தம் தேவைக்கேற்ப எடுத்ததும் விட்டதுமே பின்வருபவருக்கு வரலாறாகப் போய்ச் சேருகிறது என்பதை அந்நூலிலிருந்து கற்றேன். எது அச்சுக்கு வந்ததோ அதுவே இலக்கியம் என்று ஆன பத்தொன்பதாம் நூற்றாண்டின் கதையில் தங்கசாலைக்குப் பெரிய இடம் உண்டு. யாழ்ப்பாணத்து நல்லூர் ஆறுமுக நாவலர் சென்னையில் தம் அச்சகமான வித்தியாநுபாலன யந்திரசாலையை நிறுவியது தங்கசாலைத் தெருவில்தான். தொல்காப்பியப் பொருளதிகாரத்தையும் கலித்தொகையையும் அச்சேற்றிய சி.வை. தாமோதரம் பிள்ளையும் யாழ்ப்பாணத்திலிருந்து சென்னைக்கு வந்தவரே. சிவத்தம்பி அந்த வழியில் வந்தவர். ஆனால் முன்னவர்கள் ஓலையில் இருந்ததைத் தேடிக் காத்தார்கள். இவரோ ஓலையிலும் ஏறாததைப் பற்றிக் கேட்டார். அந்த வேறுபாட்டைத் தங்கள் கட்டுரை சுட்டியிருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும்.

1981 என்ற ஆண்டை நான் முன்பே குறிப்பிட்டேன். அந்த ஆண்டு மே 31 நள்ளிரவைத் தாண்டி யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டது. ஏறத்தாழ 97,000 நூல்களும் சுவடிகளும் சாம்பலாயின. அப்போது சிவத்தம்பி யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர். நூல்கள் அழிவதைப் பற்றியும், அழிந்தவற்றை எஞ்சிய துணுக்குகளிலிருந்து மீட்டெடுப்பதைப் பற்றியும் அத்தனை ஆண்டுகள் உழைத்த ஒருவரின் புத்தகம் சென்னையில் அச்சாகி வந்த அதே ஆண்டில், அவர் ஊர் நூலகம் எரிந்தது. ‘அவையும் இறந்தன போலும்’ என்ற வரி அதன் பின் அவருக்கு எப்படி ஒலித்திருக்கும் என்று பலமுறை எண்ணியிருக்கிறேன்.

இனி என் வேண்டுகோள்.

வடசென்னை வளர்ச்சிக்கென்று அரசு தனித் திட்டம் வகுத்து, நூலகங்களையும் படிப்பகங்களையும் புதுப்பித்து வருகிறது. இதை மனமார வரவேற்கிறேன். போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகள் அங்கே இடம்பிடிக்கக் காலையிலேயே வந்து நிற்பதைப் பார்க்கிறேன். சென்ற மாதம் எங்கள் பகுதிக் கிளை நூலகம் ஒன்றில் சிவத்தம்பியின் நூல்களைக் கேட்டேன். ஒன்றுகூட இல்லை. அங்கே பணியில் இருந்த பெண் பொறுமையாக மூன்று அலமாரிகளைத் தேடிவிட்டு, யார் அம்மா அவர் என்று கேட்டார். அவர் மேல் எனக்கு வருத்தமில்லை. வாங்கி வைத்தால்தானே அவருக்குத் தெரியும். ஈழத்து அறிஞர்களின் நூல்கள் தலைநகரின் பெரிய நூலகங்களில் இருக்கின்றன என்ற பதில் போதாது. கோட்டூர்புரத்து அண்ணா நூற்றாண்டு நூலகத்துக்கு இரண்டு பேருந்து மாறிப் போய்ப் படிக்கும் வசதி கல்லூரி மாணவருக்கு உண்டு. காசிமேட்டில் மீன் ஏலம் முடித்துவிட்டுச் சாவு வீட்டில் கானா பாடப் போகும் இளைஞருக்கு இல்லை. இறந்தவருக்கு இரங்கிக் கையறுநிலை பாடிய பாணர்களைப் பற்றிய நூல் யாருக்குப் பக்கத்தில் இருக்க வேண்டுமோ அவருக்குப் பக்கத்தில் இல்லை. இறந்தவரின் பெயரும் தொழிலும் குணமும் சொல்லி விடியவிடிய பாடும் அந்தப் பையனை, பாணனைப் பற்றிய அந்தப் பக்கங்களோடு ஒருமுறையாவது உட்கார வைக்க வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. நாடக நூலின் தமிழாக்கமும், திரைப்படம் பற்றிய நூலும், இலக்கிய வரலாறு பற்றிய நூலும் ஆகிய மூன்றையும் வடசென்னைக் கிளை நூலகங்கள் அனைத்திலும் வாங்கி வைக்கப் பொது நூலகத்துறை ஆவன செய்ய வேண்டும். என்னுடைய பிரதியையும் கொடுக்க ஆயத்தமாக இருக்கிறேன், பென்சில் குறிப்புகளோடு.

தங்கள் நாளிதழுக்கும் ஒரு வேண்டுகோள். வடசென்னையைப் பற்றி எழுதும்போது வெட்டுக்குத்துச் செய்திகளுக்குத் தங்கள் நிருபர்கள் உடனே வருகிறார்கள். ஆடி மாதம் கூழ் வார்க்கும் அம்மன் கோயில்களில் கூத்து நடக்கும் இரவில் ஒரு நிருபரையும் ஒரு புகைப்படக்காரரையும் அனுப்பி வையுங்கள். விடியும்வரை அவர்கள் உட்கார வேண்டும். பாதியில் எழுந்தால் ஒன்றும் கிடைக்காது.

எங்கள் தெருவுக்கு அடுத்த தெருவில் ஒரு கூத்து வாத்தியார் இருக்கிறார். 1975-இல் அப்பாவுக்காக வந்த ஜமாவில் தாளம் போட்ட இளைஞர் அவர். பிறகு இங்கேயே பெண் கட்டித் தங்கிவிட்டார். அவரிடம் நீள வாக்கில் தைத்த கணக்கு நோட்டு ஒன்று இருக்கிறது. அண்மையில் ஒரு நாள் அதைக் கேட்டு வாங்கிப் பார்த்தேன். பக்கத்துக்குப் பக்கம் பாட்டுகளின் முதல் அடி மட்டுமே எழுதியிருந்தது. சில இடங்களில் முதல் அடிகூட இல்லை, ‘இங்கே கர்ணன் விருத்தம்’ என்று மட்டும் இருந்தது. மீதி எங்கே என்று கேட்டேன். அவர் சிரித்துக்கொண்டே தொண்டையைத் தொட்டுக் காட்டினார். பிறகு நான் கேட்காமலேயே திண்ணையில் உட்கார்ந்து பொன்னுருவியின் அழுகையை முதலிலிருந்து முடிவுவரை பாடினார். முக்கால் மணி நேரம் ஆயிற்று.

பல்கலைக்கழகங்களின் தமிழ்த் துறைகளோ நாடகத் துறைகளோ, தங்கள் நாளிதழோ ஒலிப்பதிவுக் கருவியோடு வர விரும்பினால் நானே அழைத்துப்போகிறேன். அவருக்கு இப்போது வயது 78. காலை வேளைகளில் குரல் நன்றாக இருக்கிறது.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தமிழாசிரியை,
பழைய வண்ணாரப்பேட்டை, சென்னை.